ஐந்தரை வயதிலேயே நின்றுவிட்ட பிள்ளை

"நீங்க வந்தா லேசில் கிளம்பமாட்டீங்கன்னு அப்பா சொன்னாரே, நிஜமா மாமா?" - வீட்டுக்கு வந்தவரிடம் சிறுவன் கேட்கிறான். முகத்தில் கபடமே இல்லை. அப்பா கூனிக்குறுகிப் போகிறார், படிப்பவர்கள் சிரிக்கிறார்கள்.

பெரியவர்கள் மனத்தில் மூடிவைத்ததைப் பிள்ளை நாலு பேர் முன்னால் போட்டு உடைப்பதுதான் இவ்வகைத் துணுக்குகளின் உயிர். ரஷ்யர்களுக்கு ஒரு வோவோச்கா. இத்தாலியர்களுக்கு ஒரு பியெரினோ. ஆனந்த விகடன் வாசகர்களுக்கு மதனின் ரெட்டைவால் ரெங்குடு.

இந்தக் கூட்டத்தில் உலகப் புகழ் பெற்றவன் 'டென்னிஸ் தி மெனஸ்'. அவன் உருவான கதை சுவையானது.

1950 அக்டோபர். அமெரிக்காவில் கலிபோர்னியா மாநிலத்துக் கார்மலில் ஓவியர் ஹாங்க் கெட்சம் வரைந்துகொண்டிருந்தார். பகலில் தூங்கவைத்த நான்கு வயது மகன் டென்னிஸ், தூங்காமல் அறையையே தலைகீழாக்கிவிட்டான். பொறுமையிழந்த மனைவி ஆலிஸ், "உங்கள் பிள்ளை ஒரு மெனஸ்!" என்று குமுறினார். மெனஸ் என்றால் பெருந்தொல்லை.

அந்தச் சொல்லே தலைப்பாயிற்று. 1951 மார்ச் 12-ல் 16 நாளேடுகளில் படம் தொடங்கியது. படத்திலும் அம்மா பெயர் ஆலிஸ். அப்பா பெயர் ஹென்றி. ஓவியரின் இயற்பெயரும் ஹென்றிதான். வேடிக்கை என்னவென்றால், அதே மாதத்தில் பிரிட்டனின் 'பீனோ' இதழிலும் அதே பெயரில் வேறொரு வாண்டு தலைகாட்டினான். ஒருவரைப் பார்த்து மற்றவர் வரைந்ததல்ல!

1959-ல் டென்னிஸ் தொலைக்காட்சிக்கும் வந்தான். நாடு சிரித்தது. அதே ஆண்டில்தான் ஆலிஸ் இறந்தார். மகனுக்கு அப்போது 12 வயது. பெற்ற தாய் போய்விட்டார். படத்து ஆலிஸ் மட்டும் நாள் தவறாமல் பத்திரிகையில் வந்துகொண்டிருந்தார்.

மறுமணம் செய்த கெட்சம், மகனுடன் ஜெனீவா சென்றார். அங்கே படிப்பு ஒத்துவராத மகனை அமெரிக்காவில் விடுதிப் பள்ளிக்கு அனுப்பினார். பிறகு அவர் வியட்நாம் போருக்கும் போய்வந்தார். தந்தைக்கும் மகனுக்கும் இடையே விழுந்த தூரம் குறையவே இல்லை. பிள்ளையைக் கேட்காமல் அவன் பெயரை எடுத்துக்கொண்டதற்காகக் கெட்சம் பிற்காலத்தில் வருந்தினார்.

2001-ல் கெட்சம் மறைந்தார். படம் வேறு ஓவியர்கள் கையில் தொடர்ந்தது. காகிதத்து டென்னிசுக்கு வயது ஐந்தரை. அதற்கு மேல் ஏறவில்லை. அவனுக்கு அப்பாவும் அம்மாவும் எப்போதும் பக்கத்திலேயே இருக்கிறார்கள்.