ஆவ் மாத ஒன்பதாம் நாள்: யூத நோன்பும் துக்க முறையும்

முன்னுரை

யூத நாட்காட்டியின் நோன்புகளுள் யோம் கிப்பூர் எனப்படும் பாவக் கழுவாய் நாளும் ஆவ் மாத ஒன்பதாம் நாளுமே மாலையில் தொடங்கி மறுநாள் இரவு வரை நீள்வன. முன்னது மன்னிப்பு வேண்டுவது. பின்னது இழப்புக்கு வருந்துவது. இழப்பை நேரில் காணாத தலைமுறையினர் அதற்காக எவ்வாறு துக்கம் காப்பர் என்னும் வினாவுக்கு இந்நோன்பு தரும் விடையை இக்கட்டுரை விளக்குகிறது.

நோன்பின் பொருள்

எருசலேமின் முதல் ஆலயத்தைக் கி.மு. 586இல் பாபிலோனியரும், இரண்டாம் ஆலயத்தைக் கி.பி. 70இல் உரோமரும் அழித்தனர். இவற்றுடன், பாலைநிலத் தலைமுறையினர் வாக்களிக்கப்பட்ட நாட்டினுள் நுழையலாகாது என்ற தீர்ப்பு, பெத்தார் நகரின் வீழ்ச்சி, எருசலேம் உழப்பட்டமை ஆகியவற்றையும் மிஷ்னா இந்நாளுக்கு உரியனவாகத் தொகுக்கிறது. முதல் ஆலயம் எரிந்த நாளை அரசர்கள் இரண்டாம் நூல் ஆவ் 7 என்றும், எரேமியா நூல் ஆவ் 10 என்றும் குறிக்கின்றன. எனவே ஒன்பதாம் நாள், பல துயரங்களை ஒருசேர நினைவுகூர மரபு வகுத்த நாள் எனலாம்.

கடைப்பிடிக்கும் முறை

தம்மூஸ் 17 முதல் மூன்று வாரங்கள் திருமணங்கள் தவிர்க்கப்படுகின்றன. ஆவ் பிறந்ததும் பல சமூகத்தார் இறைச்சியையும் மதுவையும் விலக்குவர். நோன்பு நாளில் உணவு, நீர், நீராடல், நறுநெய் பூசுதல், தோல் காலணி, தாம்பத்திய உறவு ஆகியன கூடா. தோரா கற்றல் உள்ளத்தை மகிழ்விக்கும் என்பதால் அதுவும் தடை. யோபு போன்ற துயர நூல்களைப் பயிலலாம். இரவில் புலம்பல் நூல் ஓதப்படும். நண்பகல் வரை தரையிலோ தாழ்ந்த இருக்கையிலோ அமர்வர்.

துக்கத்தின் தலைகீழ் வரிசை

உற்றார் இறந்தால் ஏழு நாள், முப்பது நாள், பெற்றோர்க்கு ஓராண்டு எனத் துக்கத்தின் கடுமை படிப்படியாகக் குறையும். இங்கோ அது நாளுக்குநாள் ஏறுகிறது. இவ்வேறுபாட்டை ரபி யோசேப் சொலவெய்ச்சிக் ‘புதிய துக்கம்’, ‘பழைய துக்கம்’ எனப் பகுத்தார். முன்னதில் உணர்வு சடங்குக்கு முந்துகிறது. பின்னதில் சடங்கே உணர்வை எழுப்புகிறது.

முடிவுரை

1967இல் பழைய எருசலேம் இஸ்ரேலின் கட்டுப்பாட்டில் வந்தபின், நகரைப் பாழடைந்ததாகக் கூறும் ‘நாகெம்’ வேண்டுதலை அவ்வாறே ஓதுவது மெய்யாகுமா என்ற வினா எழுந்தது. ரபி ஹயிம் தாவீது ஹலேவி அச்சொற்களை இறந்தகாலத்தில் அமைத்தார். வேறு சிலர் மரபுச்சொல்லை மாற்ற இசையவில்லை. எனினும் இரு சாராரும் நோன்பைக் கைவிடவில்லை. நகரம் மீண்டும் எழுந்தாலும் ஆலயத்தின் இழப்பு நீங்கவில்லை என்பதே அவர்களின் பொது நிலைப்பாடு.