‘பரிசீலிக்க’ என்று ஒரு சொல்

நீதிமன்ற உத்தரவு கைக்கு வந்துவிட்டால் வழக்கு முடிந்தது என்று நம் ஊர்களில் நினைக்கிறோம். பல வழக்குகளில் அலைச்சல் அங்கேதான் தொடங்குகிறது.

மலக்குழி மரணங்களையே எடுத்துக்கொள்வோம். 1993-க்குப் பிறகு பாதாளச் சாக்கடையிலும் மலக்குழியிலும் இறந்தவர்களின் குடும்பங்களை அடையாளம் கண்டு, தலா 10 லட்சம் ரூபாய் கொடுக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2014 மார்ச் 27 அன்று உத்தரவிட்டது. சஃபாய் கர்மச்சாரி ஆந்தோலன் 2003-ல் தொடுத்த வழக்கு அது. தீர்ப்பு வரவே 11 ஆண்டுகள் ஆயின. 2023 அக்டோபர் 20-ல் அந்தத் தொகை 30 லட்சமாக உயர்ந்தது. அதுவரை இழப்பீடு கிடைக்காத குடும்பங்களுக்கும் இந்தத் தொகையே பொருந்தும் என்றது நீதிமன்றம். 2025 ஜனவரி 29-ல், சென்னை உள்ளிட்ட ஆறு பெருநகரங்களில் மனிதரைச் சாக்கடைக்குள் இறக்கக் கூடாது என்று மறுபடியும் சொல்ல வேண்டி வந்தது. ஒரே விஷயத்தைத் திரும்பத் திரும்பச் சொல்ல வேண்டியிருக்கிறது என்றால், கேட்க வேண்டியவர்கள் கேட்கவில்லை என்றுதானே பொருள்?

இப்படிக் கேட்காதவர்கள் மீது தொடுப்பதுதான் நீதிமன்ற அவமதிப்பு வழக்கு. 1971-ம் ஆண்டுச் சட்டப்படி, உத்தரவை வேண்டுமென்றே மீறியவருக்கு ஆறு மாதம் வரை வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும் விதிக்கலாம். (1971-ல் எழுதிய 2,000 இன்றும் 2,000-தான்.) பெரிய பதவியில் இருந்தவர்களும் தண்டனை பெற்றிருக்கிறார்கள். உத்தரப் பிரதேச முதல்வராக இருந்த கல்யாண் சிங்குக்கு 1994-ல் ஒரு நாள் சிறையும் 2,000 ரூபாய் அபராதமும் கிடைத்தன. மகாராஷ்டிர அமைச்சர் ஒருவரும் துறைச் செயலர் ஒருவரும் 2006-ல் ஒரு மாதச் சிறைத் தண்டனை பெற்றார்கள். இவை அபூர்வம். அதிகம் நடப்பது வேறு: விசாரணைத் தேதி நெருங்கும்போது கோப்பு வேகமாக நகரும், அதிகாரி நிபந்தனையற்ற மன்னிப்புக் கேட்பார், வழக்கு முடிக்கப்படும். நமக்கு வேண்டியது உத்தரவு நிறைவேறுவதுதான் என்பதால் அதுவும் லாபமே.

ஆனால் உத்தரவில் என்ன எழுதியிருக்கிறது என்பதை முதலில் பார்க்க வேண்டும். பஞ்சமி நிலத்தை மீட்டுத் தரக் கேட்டு ஒருவர் வழக்குப் போடுகிறார். ‘மனுவைப் பரிசீலித்து 12 வாரங்களுக்குள் உரிய முடிவெடுக்க வேண்டும்’ என்று உத்தரவு வருகிறது. ஊரே ஜெயித்துவிட்டோம் என்று மகிழ்கிறது. பத்தாவது வாரம் ‘பரிசீலித்தோம், நிராகரிக்கிறோம்’ என்று கடிதம் வருகிறது. இதற்கு அவமதிப்பு வழக்கு நிற்காது. நிலத்தைக் கொடு என்று நீதிமன்றம் சொல்லவில்லை. மனுவுக்குப் பதில் சொல் என்றுதான் சொன்னது, பதில் வந்துவிட்டது. நிராகரித்த அந்த உத்தரவை எதிர்த்துப் புதிய ரிட் மனுதான் போட வேண்டும். அதனால் முதல் மனுவிலேயே பரிகாரத்தைத் தெளிவாகக் கேட்கும்படி வக்கீலிடம் சொல்லுங்கள். கேட்டதெல்லாம் கிடைக்கும் என்பதில்லை. கேட்காதது நிச்சயம் கிடைக்காது.

காலக்கெடு பெரும்பாலும் உத்தரவின் நகல் அதிகாரிக்குக் கிடைத்த நாளிலிருந்து ஓடும். எனவே நகலைத் தபாலில் அனுப்பி, அது சேர்ந்ததற்கான ஒப்புகையைப் பத்திரப்படுத்த வேண்டும். அதிகாரி மாற்றலாகிப் போனால் அடுத்து வருபவருக்கும் ஒரு நகல் அனுப்புங்கள். கெடு முடிந்தும் அசைவில்லை என்றால் வக்கீல் நோட்டீஸ், பிறகு அவமதிப்பு மனு. மீறல் நடந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் இதைப் போட்டாக வேண்டும். ‘அடுத்த மாதம் வாங்க’ என்று அலுவலகத்தில் சொல்வதை நம்பிக் காத்திருந்தால் இந்த ஓராண்டு போய்விடும்.

செலவுக்கு அஞ்ச வேண்டாம். 1987-ம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணையச் சட்டப்படி பட்டியல் சாதியினர், பழங்குடியினர், பெண்கள் ஆகியோருக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச வக்கீல் உண்டு. உயர் நீதிமன்ற வழக்குகளுக்குச் சென்னையிலும் மதுரையிலும் சட்டப் பணிக் குழுக்கள் இருக்கின்றன. சாதிச் சான்றிதழ், உத்தரவு நகல், தபால் ஒப்புகை மூன்றையும் எடுத்துக்கொண்டு போங்கள்.