தாத்தா நிலத்தை சிப்காட் எடுத்தா உங்க கைக்கு எவ்வளவு வரும்?

சென்னையிலயோ பெங்களூர்லயோ வேலை பாக்குறீங்க. அருப்புக்கோட்டை, திருச்சுழி பக்கம் தாத்தா பேர்ல நாலு ஏக்கர் மானாவாரி நிலம். குதிரைவாலி வெளஞ்ச காலம் போய், இப்போ சீமைக்கருவேலம்தான் வெளையுது. "அதை யாரு எடுக்கப் போறா?"ன்னு நினைக்கிறீங்களா? தொழிற்பேட்டைக்குத் தேடுறதே அந்த மாதிரி நிலத்தைத்தான். மதுரை–தூத்துக்குடி நான்குவழிச் சாலை அருப்புக்கோட்டை வழியாத்தான் போகுது. இதே விருதுநகர் மாவட்டத்துல இ.குமாரலிங்கபுரத்துல 1,052 ஏக்கர்ல பி.எம். மித்ரா ஜவுளிப் பூங்கா 2023 மார்ச்சுல அறிவிக்கப்பட்டுச்சு.

அரசு கையில இருக்கிற ஆயுதம், 1997-ம் வருட தமிழ்நாடு தொழில் நோக்கங்களுக்கான நில எடுப்புச் சட்டம். முதல்ல ஆட்சேபணை கேட்டு நோட்டீஸ் வரும். அதைப் பரிசீலிச்ச பிறகு அரசிதழ்ல அறிவிப்பு. அந்த அறிவிப்பு வெளியான உடனே நிலம் அரசோடது. பணம் உங்க அக்கவுண்ட்டுக்கு வந்துச்சா இல்லையாங்கறது வேற கதை.

2013-ல வந்த மத்திய சட்டத்துல சமூகத் தாக்க ஆய்வு வேணும், தனியார் கம்பெனிக்காக எடுத்தா 80% பேர் சம்மதம் வேணும்னு இருக்கு. மாநிலச் சட்டத்துல இது ரெண்டும் இல்ல. சென்னை உயர் நீதிமன்றம் 2019 ஜூலைல இது செல்லாதுன்னு சொல்லுச்சு. அரசு அதே வருஷம் புதுச் சட்டம் போட்டு உயிர் கொடுத்துச்சு. 2021 ஜூன்ல உச்ச நீதிமன்றமும் அதை ஏத்துக்கிச்சு. போராடினா நின்னுடும்னும் சொல்ல முடியாது. திருவண்ணாமலை மாவட்டம் மேல்மாவுல சிப்காட்டை எதிர்த்த விவசாயிகள் மேல 2023-ல குண்டர் சட்டமே பாஞ்சது.

ஒரு நல்ல விஷயம், இழப்பீடு மட்டும் 2013 சட்டக் கணக்குப்படிதான். வீடியோல வேகமா சொன்ன கணக்கை இங்க நிதானமா பார்ப்போம்.

வழிகாட்டி மதிப்பு ஒரு பக்கம், சுத்துவட்டாரத்துல கடந்த மூணு வருஷப் பத்திரங்கள்ல அதிக விலை போட்ட பாதியோட சராசரி இன்னொரு பக்கம். எது அதிகமோ அதுதான் சந்தை மதிப்பு. கிராமம்னா அதை 1-லிருந்து 2 வரைக்கும் ஒரு எண்ணால பெருக்குவாங்க. வர்ற தொகைக்கு சமமா இன்னொரு மடங்கு ஆறுதல் தொகை.

ஒரு உதாரணம். ஏக்கர் வெளியில 8 லட்சம் போகுது, ஆனா பத்திரத்துல எல்லாரும் 2 லட்சம்னு போடுறாங்க, வழிகாட்டி மதிப்பும் 2 லட்சம்தான். பெருக்கும் எண் 1.5-ன்னு வச்சுக்குங்க: 3 லட்சம். ஆறுதல் தொகையோட 6 லட்சம். அதே பத்திரங்கள் 4 லட்சம்னு இருந்திருந்தா? 12 லட்சம். ஏக்கருக்கு 2 லட்சத்தை மறைச்சு, 9% பதிவுச் செலவுல 18,000 ரூபாய் மிச்சம் புடிச்ச ஊரு, ஏக்கருக்கு 6 லட்சத்தை விட்டுடுது.

அடுத்த ஓட்டை பட்டா. நோட்டீஸ் ஆவணத்துல இருக்கிற பேருக்குத்தான் வரும். தாத்தா இறந்து இருபது வருஷம் ஆகியும் பட்டா அவர் பேர்லயே இருந்தா, அந்தக் கடிதத்தை யாரு வாங்குவா? பெரியப்பா வாங்கி பீரோவுல வச்சுட்டார்னா ஆட்சேபணைக் கெடு முடிஞ்சே போயிடும். பங்காளிகளுக்குள்ள தகராறுன்னா பணம் டெபாசிட்ல போய் உக்காந்துடும். நிலம் மட்டும் காத்திருக்காது.

பேச்சுவார்த்தையில ஒரு விலைக்கு ஒத்துக்கிட்டு கையெழுத்துப் போட்டா, அப்புறம் கோர்ட்ல கூடுதலா கேக்கறது ரொம்ப கஷ்டம். வக்கீல்கிட்ட காட்டாம போடாதீங்க.

இன்னைக்கு ராத்திரியே தமிழ்நிலம் தளத்துல சர்வே நம்பர் போட்டு பட்டா யார் பேர்ல இருக்குன்னு பாருங்க. பழைய பேர்னா, அடுத்த தடவை ஊருக்குப் போறப்போ வாரிசு சான்றிதழோட பட்டா மாற்றத்துக்கு எழுதிக் குடுத்துட்டு வாங்க. அத்தைகளுக்கும் பங்கு இருந்தா, அவங்களையும் கூட்டிக்கிட்டே போங்க.