ஊவா இளவரசும் கண்டிச் சிம்மாசனமும்

கொழும்பிலிருந்து இரத்தினபுரி வழியாகப் பதுளைக்கு ஏறும் வீதியில், ஹல்துமுல்லையை அடைந்ததும் தெற்குப் புறம் திரும்பிப் பார்ப்போர் சற்றே நின்றுவிடுவர். மலை அங்கே திடீரென முடிவடைகிறது. கீழே தாழ்நிலம் பரந்து கிடக்கிறது. இவ்வூருக்கு அருகே கட்டுகொடெல்ல என்னுமிடத்தில் போர்த்துக்கேயர் கோட்டை என மக்கள் வழங்கும் ஓர் இடிபாடும் உண்டு. தாழ்நிலத்திலிருந்து மேலேறி வருவோரைக் காண்பதற்கு இதனினும் ஏற்ற இடம் அரிது. ஹல்துமுல்லைக்கு அப்பால் பெரகலைச் சந்தியில் வீதி பிரிகிறது. ஒரு கிளை அப்புத்தளைக்கு ஏற, மற்றது கொஸ்லாந்தை வழியாக வெல்லவாயாவுக்கு இறங்குகிறது. இப்பாதையில் நாள்தோறும் பேருந்தில் போய்வரும் தோட்டத்து மக்கள் பலர், தாம் கடந்து செல்வது ஒரு காலத்தில் தனி இளவரசு பெற்றிருந்த சீமை என்பதை அறியார்.

ஊவா ஏன் தனி இளவரசாக இருந்தது? அவ்விளவரசு ஏன் நிலைக்கவில்லை? இவ்வினாக்களுக்கு விடை தேடினால், கண்டி இராச்சியத்தின் ஆழ்ந்த குறையொன்று புலப்படும். மன்னன் இறந்தபின் அவன் இருக்கைக்கு உரியவன் யார் என்பதற்கு அங்கே எழுதிவைத்த சட்டம் இருக்கவில்லை. வழக்கம் இருந்தது, ஆயின் ஒன்றன்று, பல. மூத்தவனுக்கே பட்டம் என்பது ஒரு வழக்கம். அண்ணனுக்குப் பின் தம்பி என்பது பழைய அநுராதபுர அரசர் பலர் கையாண்ட வழக்கம். அதிகார் என்னும் முதன் மந்திரிமாரும் பிரதானிகளும் கூடி ஒருவரை முன்மொழிந்து ஏற்பது மற்றொன்று. இத்தனைக்கும் மேலாக, தாயின் குலமும் அரச குலமாக இருத்தல் வேண்டும் என்ற எண்ணம் நாளடைவில் வேரூன்றியது. புதிய மன்னன் கண்டி நாத தேவாலயத்தில் உடைவாள் கட்டிக்கொள்ளுதல் வேண்டும்; புத்தரின் தந்த தாது அவன் காவலில் இருத்தல் வேண்டும். சடங்குகள் தெளிவாக இருந்தன. சடங்குக்குரிய ஆள் யார் என்பதே தெளிவற்றிருந்தது.

பதினாறாம் நூற்றாண்டின் இறுதியில் இலங்கையில் ஒரு கிறித்தவ இராச்சியம் அமையும் தறுவாயில் இருந்தது. கோட்டை மன்னன் தர்மபாலன் 1557ஆம் ஆண்டில் ஞானஸ்நானம் பெற்று, 1580ஆம் ஆண்டில் தன் இராச்சியத்தையே போர்த்துக்கல் மன்னனுக்கு மரணசாசனமாக எழுதிக்கொடுத்தான். கண்டியிலும் அத்தகைய ஏற்பாட்டுக்கு வாய்ப்பொன்று கிட்டியது. சீதாவாக்கை இராசசிங்கனுக்கு அஞ்சி 1581ஆம் ஆண்டளவில் நாட்டைவிட்டோடிய கண்டி மன்னன் கரல்லியத்தை பண்டாரன் திருகோணமலையில் அம்மை நோயால் மாண்டான். அவன் விட்டுச்சென்ற பெண்மகவு குசுமாசன தேவி, போர்த்துக்கேயர் பொறுப்பில் வளர்ந்து டோனா கத்தரீனா என்னும் பெயர் பெற்றாள். அவளைக் கண்டிச் சிம்மாசனத்தில் அமர்த்தும் நோக்கத்துடன் 1594ஆம் ஆண்டில் பேத்ரோ லோபேஸ் டி சோசா பெரும்படையுடன் மலையேறினான். தந்துரையில் அப்படை அழிந்தது, அவனும் மாண்டான். வென்றவர் கொனப்பு பண்டாரர். அவரும் ஒரு காலத்தில் ஞானஸ்நானம் பெற்று, ஒஸ்திரியாவின் தொன் சுவாங் என்ற பெயருடன் போர்த்துக்கேயர் பக்கம் நின்றவரே! அவர் பௌத்த சமயத்துக்கு மீண்டு, விமலதர்மசூரியர் என்னும் பட்டப்பெயர் பூண்டு, சிறைப்பட்ட டோனா கத்தரீனாவை மணந்தார்.

இம்மணத்தைக் காதற்கதையாகக் கொள்ளல் தவறு. கொனப்பு பண்டாரர் வாளால் வென்ற நாட்டுக்கு உரிமைப் பத்திரம் அப்பெண்ணே. பழைய அரச குருதி அவளிடத்தில் இருந்தது. 1604ஆம் ஆண்டில் விமலதர்மசூரியர் இறந்தபோது இவ்வுண்மை மீண்டும் வெளிப்பட்டது. அவருடைய உறவினரான செனரத் என்பவர் அதுவரை துறவு பூண்டிருந்தவர். காவியுடையைக் களைந்து, கைம்பெண்ணான அரசியை மணந்து, அவர் சிம்மாசனம் ஏறினார்.

இதுபோன்றதொரு நிகழ்ச்சி அறுநூறு ஆண்டுகளுக்கு முன் ஐரோப்பாவில் நடந்திருக்கிறது; ஆனால் அதன் முடிவு வேறு. 895ஆம் ஆண்டளவில் கர்ப்பாத்திய மலைகளைக் கடந்து இன்றைய ஹங்கேரியில் குடியேறிய மாகியார் மக்கள் ஏழு குலத்தாராக இருந்தனர். அவர்களுள் ஆர்பாத் என்பவனின் வழியினர் தலைமை பெற்றனர். ஆயினும் தலைமை தந்தையிடமிருந்து மகனுக்குச் செல்வது உறுதியன்று. குலத்துள் வயதில் மூத்தவனுக்கே உரியது என்பது பழைய முறை. பெருந்தலைவன் கேசா 997ஆம் ஆண்டில் இறந்ததும், அக்குலத்தவனான கொப்பானி என்பவன் மூப்புமுறையைக் காட்டித் தலைமை கோரினான். கேசாவின் கைம்பெண் சரோல்த்தை மணக்கவும் முனைந்தான். அவளுடைய மகன் ஸ்தேவானோ கிறித்தவன். மகனுக்கே தந்தையின் உரிமை என்னும் மேற்றிசை முறையைப் பற்றி நின்றவன். வெஸ்பிரேம் அருகே நடந்த போரில் கொப்பானி வீழ்ந்தான். அவன் உடல் நான்கு கூறாக்கப்பட்டுக் கோட்டை வாயில்களில் தொங்கவிடப்பட்டது. 1000ஆம் ஆண்டின் முடிவையொட்டி ஸ்தேவான் முடிசூடி, ஹங்கேரியின் முதற் கிறித்தவ மன்னன் ஆனான். கொப்பானி கைம்பெண்ணை மணக்க முயன்று உயிரிழந்தான். செனரத் மணந்து முப்பத்தோராண்டு அரசாண்டார். இருவரும் பற்றியது ஒரே கயிற்றை. கண்டியில் அக்கயிறு அறாதிருந்ததற்குக் காரணம், எதிர்த்து வாளெடுக்கும் வயதில் அங்கே மகன் எவனும் இல்லாமையே எனலாம்.

டோனா கத்தரீனாவுக்கு முதற் கணவரால் பிறந்த மூத்த இளவரசன் 1612ஆம் ஆண்டில் இறந்தான். அடுத்த ஆண்டில் அரசியும் மறைந்தாள். எஞ்சியோர் குமாரசிங்கர், விசயபாலர், இராசசிங்கர் என்னும் மூவர். இவர்களுள் இராசசிங்கரே இளையவர். முதுமை எய்திய செனரத், தமக்குப்பின் மூவரும் தம்முள் போரிட்டு நாட்டை அழிப்பர் என அஞ்சினார். அவர் கண்ட வழியைச் சூளவமிசம் கூறுகிறது. நாட்டை மூன்று கூறாக்கி, அவற்றின் பெயர்களை ஏடுகளில் எழுதி, தந்த தாதுவின் திருமுன் வைத்து, இளவரசர் மூவரையும் எடுக்கச் செய்தார். குமாரசிங்கர் கையில் ஊவா வந்தது. விசயபாலர் மாத்தளையைப் பெற்றார். தலைநகரை உள்ளிட்ட மேலைநாடு ஐந்தும் இளையவரான இராசசிங்கருக்குக் கிடைத்தன.

சீட்டெடுப்பில் தெய்வத்தின் கை உண்டென்று நம்பிய காலம் அது. என்றாலும் அன்புக்குரிய இளைய மகனுக்கே சிறந்த கூறு கிடைத்தமையைக் காணும் இக்காலத்தவர், எழுதியவர் யார், அடுக்கியவர் யார் என்று வினவாமல் இருப்பது கடினம். அன்றே அவ்வாறு வினவியவர் ஒருவர் இருந்தார் என்பதை விசயபாலரின் பிற்கால வாழ்வு காட்டுகிறது.

பங்குபோட்ட நாடு பகைவர் முன் ஒன்றுபட்டே நின்றது. 1630ஆம் ஆண்டில் போர்த்துக்கேயத் தளபதி கொன்ஸ்தந்தீனோ டி சா, ஊவாவினுள் புகுந்து பதுளையைத் தீக்கிரையாக்கினான். அவனுடன் வந்த படையிற் பெரும்பகுதி லஸ்கரீன் எனப்படும் உள்நாட்டு வீரர்கள். அவர்களை நடத்தியோர் சிங்கள முதலிமார். அம்முதலிமார் இளவரசரோடு முன்னரே இரகசியமாக உடன்பட்டிருந்தனர். படை திரும்பும் வழியில் அவர்கள் அணி மாறினர். ஆகஸ்டு மாதத்தில், வெல்லவாயாவுக்கு அருகே ரந்தெனிவலையில் தளபதியும் எஞ்சிய போர்த்துக்கேயரும் சூழப்பட்டு அழிந்தனர். கொஸ்லாந்தை வீதி சென்று இறங்கும் அத்தாழ்நிலத்தில் நிகழ்ந்தது இது.

செனரத் 1635ஆம் ஆண்டில் காலமானார். சில காலத்துள் குமாரசிங்கரும் இறந்தார். இப்போது சீட்டு விடைகூறாத வினா எழுந்தது. ஊவா யாருக்கு? குமாரசிங்கருக்கு அடுத்த மூத்தவர் விசயபாலர். மூப்புமுறை அவர் பக்கம். ஆனால் சிம்மாசனம் இராசசிங்கரிடம், படையும் அவரிடம். ஊவாவை அவரே எடுத்துக்கொண்டார். 1638ஆம் ஆண்டு மார்ச்சு 28ஆம் நாள் கன்னொறுவையில் அண்ணனும் தம்பியும் ஒருங்கே நின்று போர்த்துக்கேயப் படையொன்றை அறவே அழித்தனர். ஆயினும் அவ்வெற்றி அவர்கள் உள்ளத்தை ஒன்றாக்கவில்லை. ஓரிரு ஆண்டுகளில் உடன்பிறந்தோர் போர் மூண்டது. தோற்ற விசயபாலர், தாம் கன்னொறுவையில் வென்ற அதே போர்த்துக்கேயரிடம் புகலடைந்து, கோவாவுக்குச் சென்று, மலைநாட்டை மீண்டும் காணாமலே அங்கு உயிர்நீத்தார். சகோதரர் மூவருள் மிகுந்த இரக்கத்துக்குரியவர் இவரே. மாத்தளை இளவரசும் ஊவா இளவரசும் அத்துடன் முடிந்தன. ஊவாவை ஆள இனி இளவரசர் வரவில்லை. மன்னர் அமர்த்தும் திசாவை வந்தார். பிறப்பால் வந்தவரை நீக்கவியலாது, அமர்த்தப்பட்டவரை நீக்கலாம்.

தம்பியாயிருந்து அண்ணனை வென்ற இராசசிங்கர், பின்னாளில் தம் மகனையே அஞ்சினார். 1664ஆம் ஆண்டில் கலகக்காரர் அச்சிறுவனை மன்னனாக்க முயன்றனர். அதன்பின் அரசர் அவனை நீண்டகாலம் மக்கள் கண்ணிற் படாமலே வைத்திருந்தார். 1687ஆம் ஆண்டில் அம்மகனே இரண்டாம் விமலதர்மசூரியர் என முடிசூடினார்; அவர் மகன் நரேந்திரசிங்கர் 1707ஆம் ஆண்டில் பட்டமேறினார். இரண்டு தலைமுறை, தந்தைக்குப் பின் மகன் என்னும் ஒழுங்கு. அது நீடிக்கவில்லை.

நரேந்திரசிங்கருக்குப் பட்டத்தரசியர் வாயிலாக மகவில்லை. அவ்வரசியர் மதுரையிலிருந்து வந்தவர்கள். கண்டிப் பிரபு குலத்துப் பெண்ணொருத்தியால் உனம்புவை பண்டாரர் என்ற மகன் இருந்தார். உள்நாட்டவர்; மன்னரின் சொந்தக் குருதி. ஆனால் தாயின் குலம் அரச குலமன்று. 1739ஆம் ஆண்டில் மன்னர் இறந்தபோது சிம்மாசனம் சென்றது மகனுக்கன்று, மைத்துனருக்கு. மதுரையிலிருந்து வந்த அரசியின் தம்பி, ஸ்ரீ விசய இராசசிங்கர் என்னும் பெயரோடு உடைவாள் கட்டினார். அவரும் மகவின்றி 1747ஆம் ஆண்டில் மறைய, அவருடைய மைத்துனர் கீர்த்தி ஸ்ரீ இராசசிங்கர் வந்தார். இது மலையாள நாட்டு மருமக்கள்தாயமன்று. அங்கே உரிமை செல்வது சகோதரியின் மகனுக்கு. இங்கே மனைவியின் உடன்பிறந்தானுக்குச் சென்றது. அரசுரிமை நூல்களில் இதற்கு எளிதில் பெயர் காணமுடியாது.

1798ஆம் ஆண்டில் இராசாதி இராசசிங்கர் மகவின்றி இறந்தார். அண்மைய வழக்கின்படி அரசியின் தம்பி முத்துசாமிக்கே பட்டம். முதல் அதிகாரான பிலிமத்தலாவை அவரை விலக்கி, கண்ணுசாமி என்ற பதினெட்டு வயது இளைஞரை முன்மொழிந்தார். இளையவனை அமர்த்தினால் தாமே ஆளலாம் என்பது அவர் கணக்கு. முத்துசாமி ஆங்கிலேயரிடம் ஓடினார். 1803ஆம் ஆண்டில் அவர்கள் அவரைக் கண்டியில் முடிசூட்ட, சில மாதங்களில் அவர் கொல்லப்பட்டார். கண்ணுசாமியாகிய ஸ்ரீ விக்கிரம இராசசிங்கர் பின்னாளில் பிலிமத்தலாவையையே கொல்வித்தார். 1815ஆம் ஆண்டு பெப்ரவரி 18ஆம் நாள் அவரும் பிடிபட்டார். மார்ச்சு 2ஆம் நாள் பிரதானிகள் ஆங்கிலேயருடன் உடன்படிக்கை செய்தனர்.

அவ்வுடன்படிக்கையின் வாசகம் ஊன்றிக் கவனித்தற்குரியது. மன்னரின் உறவினராகிய ஆண்களும், உறவினரெனச் சொல்லிக்கொள்வோரும், எழுத்துமூல அனுமதியின்றிக் கண்டிச் சீமைக்குள் வருதல் ஆகாது. வந்தால் இராணுவச் சட்டத் தண்டனை. ஏற்கெனவே வெளியேற்றப்பட்ட மலபார் இனத்து ஆண்களுக்கும் அதே தடை. மலபாரார் என அக்காலத்து ஆங்கிலேயர் குறித்தது தமிழரையும் அவரை ஒத்த தென்னிந்தியரையுமே. ஒரு தலைமுறை செல்வதற்குள் அதே அரசாங்கத்தின் ஆட்சியில், கோப்பித் தோட்டங்களுக்காக, ஆயிரமாயிரம் தமிழர் அதே சீமைக்குள் நடத்திவரப்பட்டனர்.

உறவினரெனச் சொல்லிக்கொள்வோர் என்ற சொற்றொடரை எழுதியவர் முன்னறிவுடையவராதல் வேண்டும். 1817ஆம் ஆண்டில் ஊவாவில் அப்படி ஒருவர் தோன்றினார். வில்பாவை என்னும் அச்சிங்களவர் முன்னர்த் துறவியாயிருந்தவர். கதிர்காமத் தெய்வத்தால் தெரிந்தெடுக்கப்பட்ட மன்னர் தாமே எனவும், நாயக்க அரச குலத்துத் துரைசாமி தாமே எனவும் அவர் அறிவித்தார். சிங்கள மக்களிடையே ஒரு சிங்களவர் மன்னராவதற்கு நாயக்கர் வேடம் பூணவேண்டியிருந்தது! 1739இல் உனம்புவை பண்டாரரை விலக்கிய அதே எண்ணம் எழுபத்தெட்டு ஆண்டுகளின் பின்னும் ஊவாக் குடிகளின் உள்ளத்தில் நிலைத்திருந்தது. பதுளையிலிருந்த ஆங்கில அதிகாரி வில்சன் கலகத்தின் தொடக்கத்திலேயே கொல்லப்பட்டார். அடக்கிவர அனுப்பப்பட்ட ஊவாத் திசாவை கெப்பெட்டிபொல, ஆங்கிலேயர் கொடுத்த துப்பாக்கிகளைத் திருப்பி அனுப்பிவிட்டுக் கலகக்காரரோடு சேர்ந்தார். தந்த தாதுவும் கண்டியிலிருந்து இரகசியமாகக் கொண்டுபோகப்பட்டது. உடைவாள், தாது, பிரதானிகள் என வேண்டுவன யாவும் கூடின.

ஆங்கிலேயப் படை ஊர்களையும் நெல்லையும் தோப்புகளையும் அழித்தது. பட்டினி வந்தது. அந்நிலையில் துரைசாமி துரைசாமியல்லர் என்பது வெளிப்பட்டது. பிரதானிகளுள் ஒருவரான மடுகல்லை அவரைத் தொழுவில் மாட்டினார். தாதுவும் ஆங்கிலேயர் கைக்கு மீண்டது. 1818ஆம் ஆண்டு நவம்பர் 26ஆம் நாள் கெப்பெட்டிபொலவும் மடுகல்லையும் கண்டியில் தலை வெட்டப்பட்டனர். உண்மையான மன்னர் அப்போது வேலூர்க் கோட்டையில் ஆங்கிலேயர் காவலில் இருந்தார். அவர் 1832ஆம் ஆண்டு சனவரி 30ஆம் நாள் இறந்து, பாலாற்றங்கரையில் அடக்கம் செய்யப்பட்டார்.