கோடபதி யாழ்

கையளவான ஒரு கருவி. அதனை ஏந்தியவன் எதிரே நிற்பதன் இயல்பை உணர்வான். வேண்டுமேல் அவ்வியல்பை மாற்றவுஞ் செய்வான். இத்தகைய கருவியைப் பல நாட்டுக் கதைகளும் மந்திரக்கோலென்றும் மாயக் கண்ணாடியென்றும் பலவாறு கூறும். இந்நாளில் அறிவியற் கற்பனைக் கதை வரைவோரும் அக்கனவையே வேறு பெயரிட்டு வழங்குகின்றனர். நந்தமிழிலும் அத்தகைய கருவி ஒன்று உண்டு. அதனைப் பாடிய புலவரோ நம் கொங்கு நாட்டினர். அதுவே பெருங்கதையிற் பேசப்படும் கோடபதி யென்னும் யாழாம். அதன் வரலாற்றையும், அஃது இற்றை நாளில் நமக்கு உணர்த்துவதனையும் ஈண்டுச் சுருங்க ஆராய்வாம்.

பெருங்கதையை இயற்றியவர் கொங்குவேளிர். கோவையினின்று சேலஞ் செல்லும் பெருவழியில், பெருந்துறைக்கு அணித்தாயுள்ள விசயமங்கலமே அவரது ஊரென்பர். பழைய சமணக் கோயிலொன்று அங்கு இன்றும் உளது. குணாட்டியர் பைசாச மொழியில் இயற்றிய பிருகத்கதையே இந்நூற்குப் பழைய மூலமாகும். உ. வே. சாமிநாதையரவர்கள் 1924ஆம் ஆண்டில் இதனைப் பதிப்பித்து உதவினார்கள். ஏட்டின் முதலும் முடிவும் கிடைத்தில. ஆதலின் கதையின் தொடக்கத்தை உதயணகுமார காவியத்தாலும் வடமொழி நூல்களாலுமே அறிய வேண்டியவர்களா யிருக்கின்றோம்.

கதை இதுவாகும்: கோசம்பி நகரத்து அரசனாகிய உதயணன் கோடபதியை இசைப்பின், மதங்கொண்ட களிறும் சினந் தணிந்து அவன் ஏவல் கேட்கும். அவனைச் சிறைப்படுத்தக் கருதினான் உஞ்சை நகரத்து வேந்தனாகிய பிரச்சோதனன். படையாற் பற்றுதல் அரிதெனக் கண்டு, எந்திர யானை யொன்று சமைப்பித்து, அதனைச் சூழ வீரரைக் கரந்திருக்கச் செய்து காட்டில் நிறுத்தினான். அரிய யானை வந்துளது என்ற சொற் கேட்ட உதயணன், படையைப் பின்னே நிறுத்தி, யாழே துணையாகச் சென்று அகப்பட்டான். பின்னர் உஞ்சை நகரில் நளகிரி யென்னும் பட்டத்து யானை மதங்கொண்டு ஊரை அழிக்கத் தொடங்கிற்று. சிறையிலிருந்த உதயணனே அதனை அடக்கினான். அதன்பின் அரசன் மகள் வாசவதத்தைக்கு யாழாசிரியனாகி, அமைச்சன் யூகியின் சூழ்ச்சியால் அவளைப் பத்திராபதி யென்னும் பிடியின்மேல் ஏற்றிக்கொண்டு தப்பினான். வழியிற் கைந்நழுவிய யாழ் நெடுங்காலங் கழித்து அந்தணன் ஒருவனால் மீண்டும் கிடைத்ததென்பது வத்தவ காண்டத்துச் செய்தி.

இக்கருவி முற்றும் கற்பனையோ எனின், யாழ் கற்பனையன்று. அதன் பேராற்றலே கற்பனை. பேரியாழ் 21 நரம்பும், செங்கோட்டியாழ் 7 நரம்பும் உடையன வென்பது பழைய உரைகளாற் பெறப்படும். வழக்கொழிந்த அவ்யாழின் இலக்கணத்தை விபுலாநந்த அடிகள் தம் யாழ்நூலில் (1947) ஆராய்ந்து விளக்கினார். யானையின் செவியும் வியத்தற்குரியதே. மனிதச் செவிக்கு எட்டாத தாழ்ந்த ஒலிகளால் யானைகள் தம்முட் பேசிக்கொள்ளும் என்பதனை 1984ஆம் ஆண்டில் அமெரிக்க நாட்டுப் போர்ட்லாந்து விலங்குக் காட்சிச்சாலையிற் கேட்டி பெயின் என்னும் அம்மையார் கண்டறிந்தார். யானை ஒலியுலகத்து உயிர் என்பதை நம் பழங்கதையும் தன் போக்கிற் கூறிற்று.

ஆயின் இக்கதையுள் நாம் ஊன்றி நோக்கற்பாலது ஒன்றுண்டு. அதே யாழ், அதே கை. மெய்யான நளகிரியை அடக்கியது. பொய்யான யானையின் முன்னே உடையவனைக் காவாது விட்டது. காரணம் யாது? உயிருள்ளதன் உள்ளத்தை மாற்றும் ஆற்றல் யாழுக்கு இருந்தது. எதிரே நிற்பது உயிருள்ளதுதானா என்று தேரும் கடமையோ உதயணனுடையது. யானையின்மேல் அவன் கொண்ட காதலையே பகைவன் வலையாகப் பின்னினான். விவிலியத்திலும் தாவீதின் சுரமண்டலம் சவுல் மன்னனை ஒருகாலத்து ஆற்றியது. பிறிதொருகால் அவன் வாசித்துக் கொண்டிருக்கும்போதே அவ்வரசன் அவன்மேல் ஈட்டியை எறிந்தான். தாவீது விலகிப் பிழைத்தான். கருவியில் மயங்காது எதிரிருப்பவன் கையையும் நோக்கியதே அவனைக் காத்தது.

இப்பொழுது நம் ஊருக்கு வருவோம். சத்தியமங்கலம் சாலையிலுள்ள சரவணம்பட்டி ஒருகாலத்துச் சிற்றூர். இன்று மென்பொருட் கூடங்கள் நிறைந்த நகர்ப்பகுதி. இங்கே பேருந்திற்குக் காத்து நிற்பவர் பலர் கையிலும் ஒரு கோடபதி உளது. அதுவே கைப்பேசி. திசையும் சாய்வும் வெளிச்சமும் இடமும் அது தானே உணரும். உணர்வதோடு அமையாது மாற்றியும் காட்டும். 2016ஆம் ஆண்டில் வெளிவந்த போக்கிமான் கோ என்னும் விளையாட்டு, உண்மைத் தெருவின்மேல் இல்லாத உயிர்களை நிறுத்திக் காட்டியதனை நண்பர் பலரும் அறிவர். அது விளையாட்டு. ஒருவர் குரலை அவ்வாறே படைத்து, பெற்ற தாயிடம் மகன் அழுவதுபோற் பேசிப் பொருள் பறித்தல் விளையாட்டன்று. அதுவே இந்நாளின் எந்திர யானை. யானைக் காதல் உதயணனுக்கு வலையானதுபோல, மகவின்மேலுள்ள அன்பே தாய்க்கு வலையாகின்றது. அக்குரல் மெய்யோ பொய்யோ என்பதனைக் கைப்பேசி தானே சொல்லாது. அழைப்பை நிறுத்தி, மகனது பழைய எண்ணிற்கு நாமே அழைத்துக் கேட்டலே தேரும் வழி.

கருவியை முறையறிந்து கையாளுதற்கும் நம் மாவட்டத்திலேயே சான்று உண்டு. எட்டிமடைக்கும் வாளையாற்றுக்கும் இடையே இருப்புப்பாதை யானைகள் உலவும் காட்டின் ஊடே செல்கின்றது. 2021 நவம்பர் 26ஆம் நாள் இரவு நவக்கரைக்கு அருகே மூன்று யானைகள் இரயிலில் அடிபட்டு மாண்டன. பின்னர் 2024 பிப்ரவரியில் மதுக்கரை வனச்சரகத்தில் 12 கோபுரங்கள் நிறுவப்பட்டன. உடல் வெப்பத்தாலும் உருவத்தாலும் யானையை இனங்காணும் கண்கள் அவற்றில் அமைந்துள்ளன. அவை யானையை அடக்குவதில்லை. அதன் வரவை வனத்துறையினர்க்கும் இரயில்வேயினர்க்கும் அறிவிக்கும். யானையைக் காப்பது, அவ்வறிவிப்பைக் கேட்டு வண்டியின் விரைவைத் தணிக்கும் மனிதன் கையே.

ஆதலின் மாணாக்க நண்பர்களே! கொங்குவேளிர் நமக்கு விட்டுச்சென்ற யாழ் இன்று வேறு வடிவில் நம் கையிலிருக்கின்றது. அதனை மீட்டுமுன் எதிரே நிற்பது யானையோ, எந்திரமோ என்று ஒருகால் நின்று தேர்வோமாக.