மேனேஜர் கேட்ட கிளி

"போடிக்கா போறே? வரும்போது ஒரு மலைக்கிளிக் குஞ்சு கொண்டு வாய்யா!"

லீவு லெட்டரில் கையெழுத்துப் போட்டுக்கொண்டே மேனேஜர் சொன்னார். அரைக் கிலோ ஏலக்காய் கேட்டிருந்தால் என் பர்ஸ் அழுதிருக்கும். கிளிதானே! "சரி சார்" என்று தலையாட்டிவிட்டேன். ரெண்டு நாள் லீவு முக்கியம் இல்லையா?

போடிநாயக்கனூர் தாண்டி, 17 கொண்டை ஊசி வளைவுகள் ஏறினால் போடிமெட்டு. அங்கிருந்து கொஞ்ச தூரத்தில் நண்பனின் ஏலத்தோட்டம். பிப்ரவரி மாதம். காலையில் கம்பளிக்குள்ளிருந்து தலையை நீட்டினேன். கீச்சென்று கத்தியபடி பச்சையும் நீலமுமாக ஒரு கூட்டம் பறந்தது.

நீலச்சிறகுக் கிளி! தலையும் நெஞ்சும் சாம்பல் நிறம். ஆணுக்குச் சிவப்பு மூக்கு, கழுத்தில் கறுப்போடு நீலப்பச்சை வளையமும் உண்டு. பெண்ணுக்குக் கறுப்பு மூக்கு. மேற்குத் தொடர்ச்சி மலையைத் தவிர உலகத்தில் வேறெங்கும் இது கிடையாது.

தோட்டத்தில் வேலை பார்க்கும் பெரியவரிடம் மெதுவாகக் கேட்டேன். அவர் அண்ணாந்து பார்த்தார். உயரமான மரம். அதில் ஒரு பட்ட கிளை. கிளையில் ஒரு பொந்து.

"கிளி பொந்து குடையாது தம்பி. மரங்கொத்தி குடைஞ்சு விட்டுட்டுப் போன வீட்டுலதான் குடியிருக்கும். குஞ்சு வேணும்னா கிளையை வெட்டி எறக்கணும். வெட்டிட்டா அடுத்த வருசம் எங்க போகும்?"

எனக்குச் சுருக்கென்றது. டவுனில் நான் வாடகை வீடு தேடி அலைந்த கதை எனக்கல்லவா தெரியும்!

ராத்திரி நண்பனிடம் மொரீஷியஸ் கதையைச் சொன்னேன். ரூபாய் நோட்டில் தமிழ் எழுத்து இருக்கிற தீவு அது. தைப்பூசத்துக்கு அரசு விடுமுறை. அந்தத் தீவுக்கே சொந்தமான எக்கோ கிளி, நம் ஊர்ப் பச்சைக்கிளிக்கு நெருங்கிய சொந்தம். காட்டை அழித்தார்கள். நல்ல இயற்கைக் காடு 2 சதவீதத்துக்கும் குறைவாகிப் போனது. பொந்துள்ள கிழட்டு மரங்களும் போயின. இருந்த முட்டை, குஞ்சுகளை எலியும் குரங்கும் தின்றன. 1980-களில் மிஞ்சியவை பத்துப் பன்னிரண்டுதான்!

இதில் ஒரு கூத்து. 1886 வாக்கில் கூண்டுப் பறவையாகப் போய்க் காட்டில் பரவிய பச்சைக்கிளி, இருந்த கொஞ்சம் பொந்துக்கும் போட்டிக்கு வந்துவிட்டது. யாரோ ஆசைப்பட்டு வளர்த்த கிளி!

கார்ல் ஜோன்ஸ் என்ற விஞ்ஞானியும் மொரீஷியஸ் வனவிலங்கு அறக்கட்டளையும் விடவில்லை. ஒவ்வொரு கூட்டுக்கும் காவல். நோஞ்சான் குஞ்சுகளை எடுத்துக் கையால் ஊட்டி வளர்த்தார்கள். மரத்தில் பெட்டி மாட்டி வீடு கொடுத்தார்கள். 2019-ல் எண்ணிக்கை 700-ஐத் தாண்டியது. அழிவின் விளிம்பில் இருந்த இனம், அபாயப் பட்டியலில் ரெண்டு படி இறங்கியது.

"நம்ம கிளிக்கு அந்த நிலைமை இல்லையே மாப்ள?" என்றான் நண்பன்.

"இல்லைதான். வர்றதுக்கு முன்னாடி பார்த்துக்கிட்டா பெட்டி மாட்டுற செலவு மிச்சம்."

சிரித்தான். மழைக்கு முன்னால் நிழல் கழிக்கும்போது அந்தக் கிளையும் போவதாக இருந்தது. காலையில் பெரியவரைக் கூப்பிட்டு, "அதைத் தொட வேணாம்ணே" என்றான்.

திங்கட்கிழமை வெறுங்கையோடு ஆபீஸ் போனேன். "எங்கேய்யா கிளி?"

"சார், நம்ம நாட்டுக் கிளி எதையும் பிடிக்கறது, விக்கறது, கூண்டுல வளர்க்கறது எல்லாமே குற்றம். 1972-ம் வருஷ வனவிலங்குச் சட்டம். ஜெயில் வரைக்கும் போகும்."

மேனேஜர் முகம் மாறியது. குரலைத் தாழ்த்தினார். "வீட்டுல ஏற்கெனவே ஒண்ணு இருக்கே... தனியா இருக்குன்னுதான் ஜோடி கேட்டேன்."

"வனத்துறைகிட்ட ஒப்படைச்சிடலாம் சார்."

பதில் இல்லை. ரெண்டு நாள் என்னிடம் ஃபைலைத் தவிர எதுவும் பேசவில்லை. இன்க்ரிமென்ட் போச்சு என்றே முடிவு கட்டினேன். மூன்றாம் நாள் மதியம் என் மேஜைக்கே வந்து நின்றார்.

"அந்த வனத்துறை ஆபீஸ் எங்கய்யா இருக்கு? நீயும் கூட வாயேன். தனியாப் போய்க் குடுக்க மனசு வரலை."