பழைய காயமும் புதிய குறியீடும்

பென்னாகரத்தை அடுத்த ஒரு சிற்றூரில், பதினாறு வயது மாணவன் ஒருவன் மிதிவண்டியில் பள்ளிக்குச் செல்கிறான் என்று வைத்துக்கொள்வோம். வழியில் லாரி மோதித் தூக்கி எறியப்படுகிறான். தலையில் பலத்த அடி. வலது தொடை எலும்பும் முறிந்துவிடுகிறது. அறுவை சிகிச்சைக்குப் பின் சில வாரங்களில் வீடு திரும்புகிறான். பிள்ளை பிழைத்தான் என்று குடும்பம் நிம்மதி அடைகிறது.

நான்கு ஆண்டுகள் கழித்து ஒருநாள் அவனுக்கு வலிப்பு வருகிறது. முழங்காலும் முழுமையாக மடங்குவதில்லை. புறநோயாளிப் பிரிவில் மருத்துவர், "முன்பு ஏதேனும் நோய் இருந்ததா?" என்று கேட்கிறார். "நோய் ஒன்றும் இல்லை ஐயா" என்கிறார் தாய். அவர் எதையும் மறைக்கவில்லை. விபத்தை அவர் நோய்க் கணக்கில் சேர்க்கவில்லை, அவ்வளவுதான். ஆனால் அந்த ஒரு விடையால், பழைய விபத்துக்கும் இன்றைய வலிப்புக்கும் உள்ள தொடர்பு மருத்துவப் பதிவில் இடம்பெறாமலே போய்விடக்கூடும்.

குறியீடு என்பது என்ன?

மருத்துவர் எழுதும் நோய்க்குறிப்பை எழுத்தும் எண்ணும் கொண்ட குறியீடாக மாற்றிப் பதிவது மருத்துவப் பதிவேட்டுத் துறையின் பணி. இதற்கு உலக சுகாதார நிறுவனத்தின் பன்னாட்டு நோய் வகைப்பாட்டைப் பின்பற்றுகிறோம். அதன் பத்தாம் திருத்தத்தில் மிதிவண்டி ஓட்டுநர் அடைந்த விபத்துகளுக்கென 'வி 10' முதல் 'வி 19' வரை தனி இடம் உண்டு. இருசக்கர மோட்டார் வாகனம் மோதினால் 'வி 12'; லாரியோ பேருந்தோ மோதினால் 'வி 14'; எதன்மீதும் மோதாமல் தாமே விழுந்தால் 'வி 18'.

இவை விபத்து நடந்த காலத்துக்கு உரியவை. காயம் ஆறிய பின்னும் நிலைத்திருக்கும் விளைவுகளுக்கு வேறு குறியீடுகள் உள்ளன. தலைக்காயத்தின் பின்விளைவுக்கு 'டி 90', கைக்கு 'டி 92', காலுக்கு 'டி 93'. காயம் பட்டு ஓராண்டு கடந்தும் நீடிக்கும் குறைகள் பின்விளைவாகக் கொள்ளப்படும். ஓராண்டுக்கு முன்பே மருத்துவர் அவ்வாறு குறிப்பிட்டாலும் பொருந்தும்.

மேற்கண்ட மாணவனுக்கு இன்றைய நோயான வலிப்பு முதலில் 'ஜி 40' எனப் பதியப்படும். அதன் மூலத்தைக் காட்ட 'டி 90' சேரும். அதற்குக் காரணம் மோட்டார் வாகன விபத்து என்பதை 'ஒய் 85' உணர்த்தும். ஆயினும் மருத்துவர் எழுதாத தொடர்பைப் பதிவேட்டுப் பணியாளர் தாமாக ஊகித்துச் சேர்க்க இயலாது. மருத்துவர் எழுத வேண்டுமெனில், நீங்கள் சொல்ல வேண்டும்.

இதனால் நமக்கு என்ன பயன்?

முதற்பயன் சிகிச்சையே. தலைக்காயத்துக்குப் பின் வரும் வலிப்பு, சில மாதங்களோ பல ஆண்டுகளோ கழித்துத் தோன்றக்கூடும். பழைய காயத்தை அறிந்த மருத்துவர் தேடலைச் சரியான இடத்தில் தொடங்குவார். முழங்கால் விறைப்பு, கால் நீளக் குறைவு, மறதி, இயல்புக்கு மாறான சினம் ஆகியவற்றுக்கும் இது பொருந்தும்.

அடுத்தது உரிமை. 2016ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 40 விழுக்காடும் அதற்கு மேலும் குறைபாடு உடையோருக்குச் சிறப்புச் சலுகைகளை வழங்குகிறது. மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டு வழக்கிலும் நிலைத்த பாதிப்பை மெய்ப்பிக்க வேண்டியிருக்கும். குறியீடு மட்டும் இவற்றைப் பெற்றுத் தந்துவிடாது. அதன் பின்னால் உள்ள மருத்துவக் குறிப்பே சான்றாக நிற்கும்.

நம் மாநிலத்தில் 2021 டிசம்பர் 18 அன்று தொடங்கிய 'இன்னுயிர் காப்போம் – நம்மைக் காக்கும் 48' திட்டம், சாலை விபத்தில் சிக்கியவருக்கு முதல் 48 மணி நேரச் சிகிச்சையை உறுதி செய்கிறது. அதன் பின் வரும் ஆண்டுகளில் நமக்குத் துணை நிற்பவை நம் கையிலுள்ள காகிதங்களே.

நீங்கள் செய்ய வேண்டியவை

டிஸ்சார்ஜ் சம்மரி எனப்படும் விடுவிப்புச் சுருக்கத்தையும், விபத்துப் பதிவேட்டின் நகல், காயச் சான்றிதழ், எக்ஸ்ரே, ஸ்கேன் படங்கள், முதல் தகவல் அறிக்கை ஆகியவற்றையும் ஒரே கோப்பில் வைத்திருங்கள். படங்களை மடிக்க வேண்டாம். வெயில் படும் இடத்திலும் வைக்க வேண்டாம். எல்லாவற்றையும் கைப்பேசியிலும் படம் எடுத்து வைப்பது நன்று.

இந்திய மருத்துவக் கழகத்தின் 2002ஆம் ஆண்டு தொழில்நெறி விதிகளின்படி, மருத்துவர் தம் உள்நோயாளியின் பதிவுகளைச் சிகிச்சை தொடங்கிய நாளிலிருந்து மூன்று ஆண்டுகள் பேண வேண்டும். நோயாளி கேட்டால் 72 மணி நேரத்துக்குள் வழங்க வேண்டும். பின்விளைவோ மூன்று ஆண்டுகளுக்குப் பிறகும் வரலாம். எனவே, நகல்களைக் காலத்தே கேட்டுப் பெற்றுக்கொள்ளுங்கள்.

வீடு திரும்பும் முன், விபத்து நடந்த விதம் சுருக்கத்தில் சரியாக எழுதப்பட்டுள்ளதா என்று படித்துப் பாருங்கள். "கீழே விழுந்தார்" என்பதும் "மிதிவண்டியில் செல்கையில் லாரி மோதியது" என்பதும் வெவ்வேறு குறியீடுகளாகும். பிழை தென்பட்டால் அப்போதே மருத்துவரிடம் தெரிவியுங்கள்.

பின்னாளில் எந்த மருத்துவரிடம் சென்றாலும் மூன்று செய்திகளைச் சொல்லுங்கள்: எந்த ஆண்டு அடிபட்டது, எவ்வாறு அடிபட்டது, எந்த உறுப்பில் சிகிச்சை நடந்தது. இன்றைய தொல்லை அதனால் வந்ததா என்று கேளுங்கள். ஆம் எனில், அதைச் சீட்டில் எழுதித் தருமாறு வேண்டுங்கள்.

காயத்தின் வடு தோலில் மங்கிப் போகலாம். அதன் வரலாறு பதிவேட்டில் மங்கக் கூடாது. அதைக் காக்கும் பொறுப்பில் நாங்களும் நீங்களும் பங்காளிகள்.